அணைக்கக் கூடாத கணினி

ஓட்டுநர் உரிம அலுவலகத்தின் படமெடுக்கும் அறையில் ஒரு கணினி பத்தொன்பது வருடங்களாக அணைக்கப்படாமல் ஓடிக்கொண்டிருந்தது. அணைக்கக் கூடாது என்று யாரும் உத்தரவு போட்டதில்லை. அணைத்தால் என்ன ஆகும் என்பது யாருக்கும் தெரியாததால், அணைக்காமல் இருப்பதே உத்தரவாகிவிட்டது. அதிகாரிகள் வந்தார்கள், ஓய்வு பெற்றுப் போனார்கள். கட்டடத்துக்கு இரண்டு முறை வெள்ளையடித்தார்கள். கணினி மட்டும் தலையில் ஒரு பழைய துண்டைப் போர்த்திக்கொண்டு மூலையில் முனகிக்கொண்டே கிடந்தது. ஒரு திங்கட்கிழமை காலையில், தரை துடைக்கப் புதிதாக வந்த பெண் தன் இயந்திரத்தைச் செருக இடம் தேடி, அதன் பிளக்கைப் பிடுங்கிவிட்டாள்.

திரும்பச் செருகிப் பார்த்தார்கள். தட்டிப் பார்த்தார்கள். அலுவலகத்தின் மூத்த எழுத்தர் ஒருவர் துண்டை எடுத்துவிட்டு விசிறியும்கூடப் பார்த்தார். அது எழவில்லை. துடைக்க வந்த பெண்ணுக்கு அன்றே சீட்டுக் கிழிந்தது.

செவ்வாய்க்கிழமை காலையில், விஷயம் தெரியாமல் பள்ளிப் பேருந்து ஓட்டுநர் ஒருவர் தன் உரிமத்தைப் புதுப்பிக்க வந்து சேர்ந்தார்.

அவருக்கு முப்பத்து நான்கு வயது. பதினோரு வருடமாக ஒரே பள்ளிக்கு, ஒரே தடத்தில் ஓட்டுகிறார். ஒரு கீறல் கிடையாது. எந்தப் பிள்ளைக்கு எந்தத் திருப்பத்தில் வாந்தி வரும் என்பதுவரை அவருக்கு அத்துப்படி. உரிமம் முடிய இன்னும் நான்கு நாள் இருந்தது. அரை நாள் விடுப்பு போட்டுவிட்டு வந்திருந்தார். படிவங்கள் எல்லாம் சரியாக இருந்தன. மூன்றாம் கவுண்டரில் இருந்த பெண் எழுத்தர் அவற்றைப் பார்த்து முத்திரை குத்திவிட்டு, படம் மட்டும்தான் பாக்கி, அது எப்போது என்று தெரியாது, தினமும் வந்து பாருங்கள் என்றாள். குரலில் கோபமும் இல்லை, இரக்கமும் இல்லை. பன்னிரண்டு வருடம் கவுண்டருக்குப் பின்னால் உட்கார்ந்தவர்களின் குரல் அது.

தினமும் வந்து பார்த்தார். நான்கு நாள் முடிந்தது. ஐந்தாம் நாள் பள்ளியின் வண்டிக் கண்காணிப்பாளர் சாவியை வாங்கிக்கொண்டு, அட்டை வரும்வரை பேருந்துகளைக் கழுவும்படி சொல்லிவிட்டார். இரண்டு மாதத்துக்குள் அட்டை வரவில்லை என்றால் வேறு ஆள் பார்க்க வேண்டியிருக்கும் என்றும் சேர்த்துக்கொண்டார். அன்றிலிருந்து காலையில் ரப்பர் குழாயும் வாளியுமாக நின்று, தன் பேருந்தை வேறொருவன் இரண்டாவது கியரில் கதறவிட்டபடி வாசலைத் தாண்டுவதைப் பார்ப்பது அவர் வேலையாயிற்று. பிள்ளைகள் பின் கண்ணாடி வழியே கையாட்டின. அவர் ஈரக் கையைத் தூக்கிக் காட்டினார்.

மூன்றாவது வாரம் புதிய கணினி வந்தது. அதற்கு மாலை போடாத குறைதான். அலுவலகத்தின் பிரிவு அதிகாரி தாமே அதைத் திறந்துவைத்தார். எதைக் கேட்டாலும் நடைமுறை, நடைமுறை என்று தொடங்குவதால் அவருக்கு ஊழியர்கள் வைத்த பெயர் நடைமுறையார். அவருக்கும் அது தெரியும். பட்டம் என்று நினைத்துக்கொண்டிருந்தார்.

புதிய கணினியில் பழைய கேமரா மென்பொருளை ஏற்றினார்கள். அதன் பெயர் முகநோக்கு. துறையால் அங்கீகரிக்கப்பட்ட ஒரே மென்பொருள் அதுதான். பத்தொன்பது வருடத்துக்கு முன் ஒரு குழு ஏழு மாதம் ஆராய்ந்து அங்கீகரித்தது. அதைச் செய்த நிறுவனம் அடுத்த வருடமே இழுத்து மூடப்பட்டது. ஏற்றி முடித்ததும் திரையில், இந்த மென்பொருள் இந்தக் கணினிக்கு ஏற்றதல்ல என்று ஒரு வரி வந்தது. நடைமுறையார் அதைப் படித்துவிட்டு, கணினிக்குக் கருத்துச் சொல்லும் அதிகாரம் கிடையாது என்றார்.

கணினி பழுது பார்ப்பவர் வரவழைக்கப்பட்டார். அவர் இரண்டு நாள் முயன்று, புதிய கணினி தன்னைப் பழைய கணினி என்று நம்பும்படி ஏதோ அமைப்பை மாற்றினார். முகநோக்கு திறந்தது. கேமராவின் உருண்டைப் பிளக் புதிய கணினியில் நுழையவில்லை. நடுவே ஒரு இணைப்பியை வாங்கிப் போட்டார்கள். கேமராவும் விழித்தது. திரையில் அறை தெரிந்தது. ஆனால் தலைகீழாகத் தெரிந்தது.

கேமராவைத் திருப்பி மாட்டிவிடலாம், அரை நிமிட வேலை என்றார் பழுது பார்ப்பவர். நடைமுறையார் கோப்பை எடுத்துக் காட்டினார். கேமரா பொருத்தப்பட்ட நிலை அங்கீகரிக்கப்பட்ட நிலை. அதை மாற்ற தலைமையகத்தின் ஒப்புதல் வேண்டும். ஆனால் விண்ணப்பதாரர் எந்த நிலையில் இருக்க வேண்டும் என்று விதி எங்கும் சொல்லவில்லை.

ஆகவே அன்று வரிசையில் முதலாவதாக நின்ற பள்ளிப் பேருந்து ஓட்டுநர், வெள்ளைத் திரைக்கு முன்னால் தலைகீழாக நிற்க வைக்கப்பட்டார். இரண்டு ஊழியர்கள் ஆளுக்கொரு காலைப் பிடித்துக்கொண்டார்கள். சட்டைப் பையிலிருந்த பேனா, சீப்பு, பள்ளி அடையாள அட்டை எல்லாம் முகத்தில் விழுந்தன. முதல் படத்தில் முகம் சிவந்திருப்பதாகவும், அது விண்ணப்பத்தில் உள்ள நிறத்தோடு ஒத்துப்போகவில்லை என்றும் மென்பொருள் மறுத்தது. இரத்தம் தலைக்கு இறங்குவதற்குள் எடுக்க வேண்டும் என்று முடிவு செய்து, ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணித் தூக்கினார்கள். மூன்றாவது தடவை படம் விழுந்தது. நடைமுறையார் கைகுலுக்கினார். ஓட்டுநருக்குச் சுவர் இன்னும் ஆடிக்கொண்டிருந்தது.

படம் சேமிக்கப்படவில்லை. முகநோக்கைப் பயன்படுத்தும் உரிமம் பதினெட்டு வருடத்துக்கு முன்பே காலாவதியாகிவிட்டது என்றது திரை. பழைய கணினிக்கு அது தெரியாமல் போனதன் காரணம் அப்போதுதான் விளங்கியது. அதை ஒருநாளும் அணைக்காததால், முகநோக்கை மூடித் திறக்கவும் இல்லை. திறக்கும்போது மட்டும்தான் அது உரிமத்தைச் சரிபார்க்குமாம், காலாவதி என்றால் சேமிக்கும்போதுதான் சொல்லுமாம். மற்றவர்களின் உரிமங்களைப் பதினெட்டு வருடம் சோதித்துக்கொண்டிருந்த அலுவலகம், தன்னுடைய உரிமம் இல்லாமலேயே அதைச் செய்திருக்கிறது. இதைப் பழுது பார்ப்பவர் வாய்விட்டுச் சொன்னார். அறையில் ஒருவரும் காதில் வாங்கவில்லை.

அவர்தான் அடுத்த வழியையும் சொன்னார். கணினியின் தேதியைப் பத்தொன்பது வருடம் பின்னால் தள்ளிவைத்தால் மென்பொருள் ஏமாந்துவிடும். தள்ளிவைத்தார்கள். ஏமாந்தது. ஓட்டுநரின் விவரங்களை ஏற்றியதும் அது அவருடைய வயதைக் கணக்குப் போட்டு, பதினைந்து என்று காட்டியது. கீழே சிவப்பில் ஒரு கட்டம். மனுதாரர் உரிய வயதை எட்டாதவர். தந்தையின் சம்மதக் கையொப்பம் தேவை.

"எங்க அப்பா இறந்து பன்னிரண்டு வருஷமாச்சு சார்" என்றார் ஓட்டுநர்.

நடைமுறையார் திரையின் மூலையைச் சுட்டிக் காட்டினார். "தேதியைப் பாருங்க. இந்தத் தேதியில அவர் உயிரோட இருந்தாரா இல்லையா?"

"இருந்தார்."

"அப்ப கையெழுத்துப் போட என்ன தடை?"

ஓட்டுநருடைய அப்பா சரக்கு லாரி ஓட்டியவர். மகனைப் பக்கத்தில் உட்கார வைத்து, கண்ணாடியைப் பார்க்கும் முறையைச் சொல்லிக் கொடுத்தவர். மருத்துவமனையில் கடைசி வாரத்தில் பேனா பிடிக்கவே விரல் வராமல் போனவர். அவருடைய கையெழுத்தைக் கேட்கிற மனிதரை என்ன செய்வதென்று ஓட்டுநருக்குத் தெரியவில்லை. கை மடங்கியது. பிறகு விரிந்தது. அவர் வீட்டுக்குப் போனார்.

மறுநாள் அம்மா கூட வந்தாள். தந்தை இல்லாத பட்சத்தில் தாய் போடலாம், ஆனால் தந்தை இல்லை என்பதற்கு அந்தத் தேதியில் செல்லுபடியாகும் சான்று வேண்டும் என்று அவளுக்குப் பொறுமையாக விளக்கப்பட்டது. அம்மா முழுவதையும் கேட்டாள். பையை மடியில் வைத்துக்கொண்டாள்.

"உங்க கம்ப்யூட்டர்ல அவர் உயிரோட இருக்காரா?"

"பதிவுப்படி இருக்கார்மா."

"அப்ப ஒரு தடவை கூப்பிட்டுக் குடுங்க. நானும் பேசணும்."

மூன்றாம் கவுண்டர் எழுத்தர் தலையைக் குனிந்துகொண்டாள். நடைமுறையார் ஒரு தாளை இழுத்து, மனுதாரரின் தாயார் ஒத்துழைக்கவில்லை என்று எழுதினார்.

ஓட்டுநருக்கு ஒரு அக்கா உண்டு. புகைப்பட ஸ்டுடியோ ஒன்றில் கல்யாணப் படங்களைத் திருத்தித் தருகிறவள். வாயாடி. தம்பியைத் தலைகீழாகத் தூக்கியதைக் கேட்டுச் சிரித்தவள், அப்பாவின் கையெழுத்து விஷயத்தைக் கேட்டதும் சிரிப்பை நிறுத்திவிட்டாள். அடுத்த நாள் ஸ்டுடியோவுக்கு விடுப்புச் சொல்லிவிட்டு, தம்பியையும் கூட்டிக்கொண்டு அலுவலகத்துக்கே வந்தாள். புதிய கணினியின் முன்னால் உட்கார்ந்து, யாரையும் கேட்காமல் மூன்று இடத்தில் தட்டினாள். திரையில் தம்பியின் முகம் நேராக, இன்றைய தேதியில், முப்பத்து நான்கு வயதோடு நின்றது. கணினி வரும்போதே அதற்குள் ஒரு கேமரா மென்பொருள் இருந்தது. அது போதாதென்றால் இணையத்தில் இலவசமாக இன்னும் நான்கைந்து கிடைக்கும் என்றாள். மொத்தமும் பத்து வினாடி.

இதை ஆராய ஒரு குழு அமைக்கப்பட்டது. மாற்று மென்பொருள் சாத்தியக்கூறு ஆய்வுக் குழு. தலைவர் நடைமுறையார். இரண்டு உறுப்பினர்களில் ஒருவர் நடைமுறையாரின் கீழ் வேலை பார்த்தார், இன்னொருவர் வருவதாகச் சொல்லி வரவில்லை. அக்காவும் தம்பியும் சாட்சிகளாக அழைக்கப்பட்டு, நீண்ட மேசையின் மறுகோடியில் உட்கார வைக்கப்பட்டார்கள். அக்கா மறுபடியும் செய்து காட்டினாள். பத்து வினாடி. உறுப்பினர் தன்னையறியாமல் தலையாட்டிவிட்டு, தலைவரைப் பார்த்ததும் கழுத்தைச் சொறிந்துகொண்டார்.

நடைமுறையார் தொண்டையைச் செருமினார்.

"இது ஓடுது. நான் மறுக்கல. ஆனா ஓடுறது ஒரு தகுதியா? ரோட்ல எத்தனையோ ஓடுது. இதை யாரும் நமக்கு விக்கல. தானா வந்திருக்கு. தானா வந்ததுல நாளைக்கு ஒரு தப்பு நடந்தா யாரைக் கேக்கறது? முகநோக்குல அந்தப் பிரச்சனையே இல்ல. யாரைக் கேக்கணும்னு ஒப்பந்தத்துல தெளிவா எழுதியிருக்கு."

"அந்தக் கம்பெனிதான் மூடிட்டாங்களே" என்றாள் அக்கா.

"அவங்க மூடினது அவங்க பிரச்சனை. எழுதியிருக்கிறது நம்ம பாதுகாப்பு. இன்னொண்ணும் சொல்றேன். போன ஆறு வாரமா முகநோக்குல எடுத்த படம் தப்புன்னு ஒரு புகார் கூட வரல. இந்த அலுவலக வரலாற்றுலயே இப்படி ஒரு காலம் கிடையாது."

ஆறு வாரமாக ஒரு படமும் எடுக்கப்படவில்லை என்பதை அக்கா எடுத்துச் சொன்னாள். அதனால்தான் தவறும் நடக்கவில்லை என்று அவர் மகிழ்ச்சியோடு ஒப்புக்கொண்டார். கூட்டக் குறிப்பில் அது சாதனை என்ற தலைப்பின் கீழ் ஏறியது. வெளியே வந்ததும் அக்கா படிக்கட்டில் உட்கார்ந்து, எனக்குத் தலை வலிக்குதுடா என்றாள். அவள் அப்படிச் சொல்லித் தம்பி கேட்டதே இல்லை.

இதற்குள் ஓட்டுநரைத் தவிரவே காத்திருப்போர் நாற்பது பேராகிவிட்டார்கள். டாக்ஸி ஓட்டும் பெண் ஒருத்தி, ஆம்புலன்ஸ்காரர், பால் வண்டிக்காரர், சிமெண்ட் லாரிக்காரர்கள். எல்லோரும் வண்டி ஓட்டிப் பிழைப்பவர்கள், எல்லோரும் பெஞ்சில். பெஞ்சு போதாமல் ஆம்புலன்ஸ்காரர் சன்னல் கட்டையில் உட்கார்ந்து கைப்பேசியில் சாலைகளைப் பார்த்துக்கொண்டிருப்பார். எல்லோரிலும் பள்ளிப் பேருந்து ஓட்டுநர்தான் பழைய ஆள் என்பதால், புதிதாக வருபவர்களுக்கு எந்தக் கவுண்டர், எந்தக் கழிப்பறை என்று வழி சொல்வது அவர் பொறுப்பாகியிருந்தது.

தலைமையகம் கடைசியில் ஒரு தீர்வைக் கண்டுபிடித்தது. ஆறு மணி நேரத் தொலைவில் உள்ள ஒரு கிளையில், இன்னும் அணைக்கப்படாத பழைய கணினி ஒன்று உயிரோடு இருந்தது. எல்லோரையும் ஒரு பெரிய வேனில் ஏற்றி அங்கே கொண்டுபோய்ப் படம் எடுத்து வர ஒப்புதல் கிடைத்தது. தேதி குறிக்கப்பட்டது. வேனும் இரண்டு நாள் முன்பே வந்து வாசலில் நின்றது. அப்போதுதான் அலுவலக ஓட்டுநரின் உரிமமும் முடிந்து, அவரும் அதே பெஞ்சில் நாற்பதில் ஒருவராக உட்கார்ந்திருப்பது தெரியவந்தது.

நடைமுறையார் பள்ளிப் பேருந்து ஓட்டுநரை அறைக்குள் கூப்பிட்டார். முதல் தடவையாக உட்காரச் சொன்னார். சாவியை மேசையில் தள்ளி வைத்தார்.

"நீங்க அனுபவசாலி. வேனை நீங்க ஓட்டுங்க."

"என்கிட்ட லைசென்ஸ் இல்லையே சார்."

"அலுவலக வேலையாப் போறோம். யாரு கேக்கப் போறா?"

ஓட்டுநர் சாவியைத் தொடவில்லை. பதினோரு வருடத்தில் ஒரு சிவப்பு விளக்கைத் தாண்டாத மனிதர் அவர். இத்தனை வாரமும் வாளியோடு நின்றது, உரிமம் இல்லாமல் ஓட்டக் கூடாது என்ற ஒரே காரணத்துக்காக. அந்தக் காரணத்தை எழுதி வைத்திருக்கும் அலுவலகமே இப்போது சாவியை நீட்டுகிறது.

"பதினைஞ்சு வயசுப் பையன் கையில வேன் சாவியைக் குடுக்கலாமா சார்?" என்றார். குரல் உயரவே இல்லை.

நடைமுறையாருக்கு முதல் தடவையாக வேர்த்தது. குறித்த தேதியில் வேன் கிளம்பவில்லை என்றால் தலைமையகத்துக்குப் பதில் எழுத வேண்டும். பதில் எழுதினால் பெயர் வரும். அவர் கோப்புகளைப் புரட்டி ஒரு விதியைக் கண்டுபிடித்தார். அலுவலக நலன் கருதி, ஒரு நாளுக்கு மட்டும் சிறப்பு அனுமதி அட்டை வழங்கலாம். அதற்கான படத்தை எப்படி எடுப்பது என்று அந்த விதியில் எதுவும் இல்லை. அக்காவுக்குத் தகவல் போயிற்று. அவள் வந்தாள், மூன்று இடத்தில் தட்டினாள், பத்து வினாடியில் எழுந்தாள். எந்தக் குழுவும் கூடவில்லை.

அட்டையை அச்சிட்டுக் கொடுத்தது மூன்றாம் கவுண்டர் எழுத்தர். கொடுக்கும்போது அவள் தலையை நிமிர்த்தாமல் பேசினாள். ஒருவருடைய படம் அதே வருடத்தில் ஏதாவது ஒரு வகையில் துறையின் பதிவில் ஏறிவிட்டால், புதுப்பிக்க அதுவே போதும், திரும்ப எடுக்கத் தேவையில்லை என்று ஒரு விதி இருக்கிறது. உங்கள் படம் இப்போது ஏறிவிட்டது. நாளை மாலைக்குள் உங்கள் உரிமம் தயாராகிவிடும்.

ஓட்டுநர் அட்டையைப் பார்த்தார். பிறகு பெஞ்சைப் பார்த்தார். டாக்ஸிக்காரி தன் விண்ணப்பத்தால் விசிறிக்கொண்டிருந்தாள்.

"ஆறு மணி நேரம் தொடர்ந்து ஓட்டணும்னா மாத்து ஓட்டுநர் வேணும்னு உங்க விதியிலேயே இருக்குல்ல மேடம்?"

அவள் இப்போது நிமிர்ந்தாள். பன்னிரண்டு வருடத்தில் அந்த முகத்தில் ஏதோ ஒன்று அசைவதை அந்த அலுவலகம் பார்த்ததில்லை. அவள் எழுந்து நேராக நடைமுறையாரின் அறைக்குப் போனாள். ஓட்டுநரும் பின்னாலேயே போனார்.

மாற்று ஓட்டுநர்கள் போதுமான எண்ணிக்கையில் இருக்க வேண்டும் என்கிறது விதி, சார் என்றாள். போதுமானது என்றால் எத்தனை என்று கேட்டார் நடைமுறையார்.

"எண் போடல சார். குறைச்சு வெச்சு வழியில ஏதாவது ஆச்சுன்னா, குறைச்சது யாருன்னு கேப்பாங்க."

நடைமுறையார் இரண்டு என்று எழுதினார். அடித்தார். ஐந்து என்று எழுதினார். பேனா அங்கேயே நின்றது. ஐந்தும் போதவில்லை என்று நாளைக்கு யாராவது சொன்னால்? அவர் சன்னல் வழியே பெஞ்சை எட்டிப் பார்த்தார். அங்கே இருந்தவர்கள் எல்லோரும் ஓட்டுநர்கள். ஒருவரையும் விடாமல் சேர்த்துவிட்டால் யாரும் தன்னைக் கேட்க முடியாது. அன்று பிற்பகலில் ஒரு வேனுக்கு நாற்பத்தொரு ஓட்டுநர்களை நியமித்து உத்தரவு வந்தது. அக்கா சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டாள். ஒன்றேகால் மணி நேரத்தில் நாற்பது முகங்களும் நேராக, இன்றைய தேதியில், அவரவர் வயதோடு பதிவில் ஏறின.

குறித்த நாள் காலையில் வேனுக்குப் பக்கத்தில் ஒருவரும் இல்லை. உரிமங்கள் முந்தைய நாள் மாலையே கைக்கு வந்துவிட்டதால் நாற்பது பேரும் வேலைக்குப் போய்விட்டார்கள். ஆம்புலன்ஸ்காரர் விடியற்காலையிலேயே ஒரு பிரசவ வலிக்காரியை ஏற்றிக்கொண்டு போனதாகக் கேள்வி. பள்ளிப் பேருந்து ஓட்டுநருக்கும் வேலை திரும்பக் கிடைத்திருந்தது. ஆனாலும் வருவதாக வாக்குக் கொடுத்துவிட்டபடியால், கண்காணிப்பாளரிடம் அந்த ஒரு நாளைக் கேட்டுவாங்கிக்கொண்டு வந்து நின்றார்.

இனி எதற்குப் போவது என்று அவர் கேட்டார். பயணத்துக்கு ஒப்புதல் வந்துவிட்டது, போகாவிட்டால் ஒப்புதல் வீணாகும் என்றார் நடைமுறையார். மாற்று ஓட்டுநர் எங்கே என்று அன்று யாரும் கேட்கவில்லை. நாற்பது காலி இருக்கைகளோடு வேன் கிளம்பியது. நடைமுறையார் நடுவில், சன்னலோரமாக உட்கார்ந்துகொண்டார். போகும் வழியெல்லாம் பின்னால் இருக்கை வார்களின் கொக்கிகள் ஒன்றோடொன்று மோதிக் கிணுகிணுத்தன.

அந்தக் கிளையில் பழைய கணினி ஒரு மேசைமேல் உயிரோடு இருந்தது. அதன் பிளக்குக்குப் பக்கத்தில் நாற்காலி போட்டு ஒரு ஆள் உட்கார்ந்திருந்தார். யாரும் அதைப் பிடுங்காமல் பார்த்துக்கொள்வதுதான் அவர் பணி. யாருக்குப் படம் எடுக்க வேண்டும் என்று அவர் கேட்டார். ஒருவருக்கும் வேண்டாம் என்றார் நடைமுறையார். அந்த ஆள் அதை வருகைப் பதிவேட்டில் எழுதிக்கொண்டு கையொப்பம் வாங்கினார். தேநீர் வந்தது. குடித்தார்கள். திரும்பினார்கள்.

பாதி வழியில் நடைமுறையார் கைப்பேசியை எடுத்து மூன்றாம் கவுண்டர் எழுத்தரைக் கூப்பிட்டு அறிக்கையைச் சொல்லத் தொடங்கினார்.

"எழுதிக்கம்மா. நாற்பது பேரோட விண்ணப்பமும் ஒரே நாள்ல தீர்ந்தது. பழைய கணினி இருந்த இடத்துக்கு அவங்க வரவேண்டிய அவசியம் கூட ஏற்படல. முகநோக்கோட திறமைக்கு இதைவிடச் சான்று தேவையில்ல. அதனால அதோட அங்கீகாரத்தை இன்னும் பத்து வருஷம் நீட்டிக்கணும்னு பரிந்துரைக்கிறேன். மாற்று மென்பொருள்னு சொல்லி அங்கீகாரம் இல்லாம அலுவலகக் கணினியைத் தொட்ட ஸ்டுடியோ பெண்மேல தனியா விசாரணை."

மறுமுனையில் எழுத்தர் ஏதோ கேட்டிருக்க வேண்டும். நடைமுறையார் கைப்பேசியைக் காதிலிருந்து கொஞ்சம் விலக்கி, எழுந்து முன்னால் வந்து, அந்தப் பெண்ணின் பெயர், முகவரி என்ன என்று ஓட்டுநரிடம் கேட்டார்.

ஓட்டுநர் வேகத்தைக் குறைத்தார். இடப்பக்கக் கண்ணாடியைப் பார்த்தார். விளக்கைப் போட்டு, சாலையோரத்தில் ஒதுங்கி, கைப்பிரேக்கை இழுத்தார். சுற்றிலும் காய்ந்த வயல். கண்ணுக்கு எட்டிய தூரத்தில் ஒரு கட்டடம் இல்லை. கைக்கடிகாரத்தைப் பார்த்துவிட்டு இயந்திரத்தை அணைத்தார்.

"காலையிலேருந்து கணக்குப் பார்த்தா தொடர்ந்து ஓட்டுற நேரம் எப்பவோ முடிஞ்சிடுச்சு சார். இனிமே மாத்து ஓட்டுநர் வந்தாதான் வண்டி நகரும். நடைமுறை."

சாவியைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு, இருக்கையைப் பின்னால் சாய்த்து, கண்களை மூடிக்கொண்டார்.